பூட்டும் திறவுகோலும்: மென்பொருட் களவின் வரலாறு

பிறர்க்கு ஈயுந்தோறும் குறையாது வளர்வது கல்விச் செல்வம் என்பது முன்னோர் துணிபு. பொன்னையும் பூமியையும் ஒருவர் எடுத்துக்கொண்டால் மற்றவர் இழப்பர். கற்றதை ஒருவர் பெற்றுக்கொள்வதனாற் கற்பித்தவர் எதையும் இழப்பதில்லை. இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலே தோன்றிய மென்பொருள் என்னும் பண்டமோ இவ்விருவகைக்கும் இடைப்பட்டதாய் அமைந்தது. அது விலைக்கு விற்கப்படும் சரக்கு; ஆயினும், எத்தனை முறை படியெடுப்பினும் மூலம் குறையாத அறிவு. குறையாத ஒன்றை எடுப்பது களவாகுமா? களவன்றெனின், அதனை ஆக்குவதற்கு இரவும் பகலும் உழைத்தவனுக்குக் கூலி கொடுப்பவர் யார்? இவ்விரு வினாக்களுக்கும் இடையே நிகழ்ந்த போராட்டமே மென்பொருட் களவின் வரலாறு ஆகும்.

படியெடுத்தல் புதியதொரு தொழிலன்று. ஏட்டுச்சுவடிக் காலத்தில் நூலொன்றைப் படியெடுப்பவன் எழுத்தாணியும் கையுமாய்ப் பல நாள் இருந்து உழைத்தான். அவ்வுழைப்பினால் நூல் அழியாது காக்கப்பட்டமையின் அவன் கள்வனெனக் கருதப்பட்டிலன், தொண்டனென்றே போற்றப்பட்டான். அச்சுப்பொறி வந்த பின்னர்ப் படிகள் ஆயிரக்கணக்கிற் பெருகின. அவற்றோடு நூலாசிரியனின் உரிமை பற்றிய சிந்தனையும் பெருகிற்று. இங்கிலாந்திலே 1710 ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்த ஆன் அரசியின் சட்டம் அச்சிந்தனையின் பேறு எனலாம். எனினும், அச்சகம் வைத்திருப்போர் சிலரே ஆதலின், அவர்களைக் கண்காணிப்பது இயல்வதாயிற்று. கணினி அந்நிலையை முற்றாக மாற்றிவிட்டது. அதனை உடையவர் ஒவ்வொருவரும் தம் இல்லத்திலேயே ஓர் அச்சகத்தை உடையவராயினர். முதற்படிக்கும் நூறாவது படிக்கும் வேற்றுமை காண இயலாதாயிற்று.

விலை கூறப்படாத காலம்

கணினியின் தொடக்க காலத்தில் மென்பொருட் களவு என்ற பேச்சுக்கே இடமிருக்கவில்லை. அறை முழுவதையும் அடைத்து நிற்கும் இயந்திரங்களை ஐ.பி.எம். முதலிய நிறுவனங்கள் பல்கலைக்கழகங்களுக்கும் பெருவணிக நிலையங்களுக்கும் அளித்தபோது, அவற்றை இயக்குதற்குரிய நிரல்களைத் தனிவிலையின்றி உடன் வழங்கின. 1955 இல் ஐ.பி.எம். இயந்திரங்களைப் பயன்படுத்துவோர் கூடி அமைத்த 'ஷெயார்' என்னும் சங்கத்தின் உறுப்பினர், தாம் எழுதிய நிரல்களை ஒருவரோடொருவர் பகிர்ந்துகொண்டனர். பகிர்தலே அக்கால வழக்கமாயிருந்தது.

அவ்வழக்கம் மாறுதற்குரிய அறிகுறிகள் 1960களிலே தோன்றின. 1964 இல் அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் கணினி நிரல்களைப் பதிவுக்கு ஏற்கத் தொடங்கிற்று. 1969 ஜனவரியில் அமெரிக்க அரசு ஐ.பி.எம். நிறுவனத்தின் ஏகபோகத்தை எதிர்த்து வழக்குத் தொடுத்தது. அதே ஆண்டு ஜூன் மாதத்தில் அந்நிறுவனம் தன் நிரல்களுட் பலவற்றை இயந்திரத்தினின்றும் பிரித்துத் தனியே விலை கூறப்போவதாக அறிவித்தது. அதன் பின்னர் மென்பொருள் தனிச் சரக்காய் வளரலாயிற்று. விலையுள்ள இடத்திலேதான் களவுக்கும் இடமுண்டு என்பது வெளிப்படை.

நாடாவும் மடலும்

1975 ஜனவரியில் 'பொப்யுலர் இலெக்ட்ரோனிக்ஸ்' என்னும் சஞ்சிகையின் அட்டையிலே அல்டெயர் 8800 என்ற சிறு கணினியின் படம் வெளிவந்தது. நியூ மெக்சிக்கோ மாநிலத்து அல்புகேர்க்கி நகரிலிருந்த 'மிற்ஸ்' நிறுவனம் அதனை உறுப்புகளாக விற்றது. வாங்கியவர் தாமே பொருத்திக்கொள்ள வேண்டும். அதற்கு வேண்டிய 'பேசிக்' மொழி நிரலைப் பில் கேற்ஸ், போல் அலன் என்னும் இளைஞர் இருவரும் மொன்ரே டேவிடொவ் என்பாரின் துணையோடு எழுதினர். அந்நிரல் துளையிட்ட தாள்நாடாவிற் பதியப்பட்டது.

அதே ஆண்டு மார்ச் மாதத்தில் கலிபோர்னியாவின் மென்லோ பார்க்கிலே, ஒரு வீட்டின் வாகனக் கொட்டிலில், 'ஹோம்புரூ கணினிக் கழகம்' தோன்றியது. அவ்வாண்டு ஜூனில் பாலோ ஆல்ற்றோ நகரின் விடுதியொன்றில் மிற்ஸ் நிறுவனம் நடத்திய காட்சியின்போது பேசிக் நாடா ஒன்று எவராலோ எடுத்துச் செல்லப்பட்டது. அது கழகத்தார் கைக்கு எட்டிற்று. பல படிகள் எடுக்கப்பட்டன. ஒரு நாடாவைப் பெற்றுச் செல்வோர் அடுத்த கூட்டத்துக்கு இரண்டு நாடாக்களைக் கொணர வேண்டும் என்பதே அங்கு வகுக்கப்பட்ட நெறி. கற்றதைப் பகிரும் மாணாக்கர் மனநிலையிலேயே அவர்கள் அதனைச் செய்தனர்.

1976 பெப்ரவரி 3 ஆம் திகதியிட்டு, அப்போது 20 வயதினராயிருந்த பில் கேற்ஸ், கணினி ஆர்வலருக்குத் திறந்த மடலொன்று விடுத்தார். பேசிக் நிரலைப் பயன்படுத்துவோருட் பெரும்பாலார் அதனை விலைகொடுத்து வாங்கவில்லை என்றும், அல்டெயர் உடையோரில் நூற்றுக்குப் பத்துப் பேருக்கும் குறைவானவரே வாங்கியுள்ளனர் என்றும், ஆக்கத்துக்குச் செலவான கணினி நேரத்தின் பெறுமதி 40,000 டொலருக்கு மேற்பட்டதென்றும், கிடைத்த உரிமைப்பணத்தைக் கணக்கிட்டால் தம் உழைப்புக்கு மணிக்கு 2 டொலர்தானும் தேறவில்லை என்றும் அவர் முறையிட்டார். இயந்திரத்துக்குப் பணம் கொடுப்போர் நிரலுக்கு மட்டும் கொடாதிருப்பது எவ்வகை நியாயம் என்பது அம்மடலின் சாரம்.

இதற்கு எதிர்வாதமும் எழாமலில்லை. பேசிக்கின் தனிவிலை 500 டொலர். மிற்ஸின் நினைவகப் பலகைகளோடு சேர்த்து வாங்குவோருக்கே அது மலிவாகக் கிடைத்தது. அப்பலகைகளோ பழுதுக்குப் பெயர்பெற்றவை. மேலும், அந்நிரல் ஆக்கப்பட்டது ஹார்வார்ட் பல்கலைக்கழகத்துக் கணினியில் என்பதையும் ஆர்வலர் சுட்டிக்காட்டினர். வாதத்தோடு அவர்கள் அமைந்துவிடவில்லை. 'மக்கள் கணினிக் கம்பனி' என்னும் குழுவினரின் முயற்சியால் 'ரைனி பேசிக்' என்ற சிறு மொழியின் வரைவு பொதுவிலே வெளியிடப்பட, பலர் அதனைத் தத்தம் இயந்திரங்களுக்கேற்ப எழுதினர். அவர்களுள் ரொம் பிற்மன் என்பவர் தம் நிரலை 5 டொலருக்கு விற்றார்; பலரும் மனமுவந்து பணம் அனுப்பினர். மடல் எழுப்பிய கூலி வினாவுக்கு இது ஒரு விடை. ஆயின் தொழிலுலகம் அதனை அப்போது கைக்கொள்ளவில்லை. சட்டத்தையும் பூட்டையுமே அது நாடிற்று.

சட்டத்தின் வரவு

1980 டிசம்பரில் அமெரிக்கப் பேரவை பதிப்புரிமைச் சட்டத்தைத் திருத்திக் கணினி நிரலுக்கு வரைவிலக்கணம் வகுத்தது. நிரலின் படியை உடையவர் காப்புக்காக இன்னொரு படி எடுத்துவைக்கலாம் என்ற சலுகையையும் அச்சட்டம் அளித்தது. மனிதர் வாசிக்கும் எழுத்துக்கன்றி, இயந்திரம் மட்டுமே வாசிக்கும் குறிகளுக்கும் பதிப்புரிமை உண்டா என்ற ஐயம் எஞ்சிற்று. அப்பிள் கணினியைப் பின்பற்றி அமைத்த கணினிகளிலே, அப்பிளின் பணிசெயல் முறைமையை, அதாவது இயங்குதளத்தை, அவ்வாறே படியெடுத்துப் பயன்படுத்திய பிராங்கிளின் நிறுவனத்தின் மீதான வழக்கில் அவ்வையம் தீர்ந்தது. பணிசெயல் முறைமையும் பதிப்புரிமைக்கு உட்பட்டதே என 1983 இல் மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. 1995 இல் நடைமுறைக்கு வந்த உலக வர்த்தக நிறுவனத்தின் புலமைச் சொத்து உடன்படிக்கை, கணினி நிரல்களை இலக்கிய ஆக்கங்களாகவே காக்கும்படி உறுப்பு நாடுகளைப் பணித்தது. இலங்கையிலும் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம், நூல்களோடும் கட்டுரைகளோடும் கணினி நிரல்களை ஒரே வரிசையில் வைத்துக் காக்கின்றது.

சட்டம் ஏட்டிலே இருந்தது. படியெடுத்தலோ வீட்டினுள்ளே நிகழ்ந்தது. ஆதலின் ஆக்குவோர் தம் சரக்கின்மீது தாமே பூட்டிட முனைந்தனர்.

வட்டிலிட்ட பூட்டு

முதற்பூட்டு நெகிழ்வட்டில் இடப்பட்டது. வட்டின் சில பகுதிகளை வழக்கத்துக்கு மாறான ஒழுங்கில் எழுதுதலும், வேண்டுமென்றே பழுதான பகுதியொன்றை அமைத்தலும் அக்காலத்து உபாயங்கள். பொதுவான படியெடுக்கும் நிரல் அவ்விடங்களை வாசிக்கமாட்டாது தடுமாறும். உடனே அப்பூட்டைத் திறக்கும் தொழிலும் பிறந்தது. 'லொக்ஸ்மித்', 'கொப்பி ரூ பிளஸ்' முதலிய நிரல்கள், காப்புப்படி எடுத்தற்கு உதவுவன என்னும் பெயரால் வெளிப்படையாகவே விற்கப்பட்டன. வோல்ற் என்னும் நிறுவனம் தன் பூட்டைத் திறக்கும் நிரலை விற்ற குவெய்ட் நிறுவனத்தின்மீது தொடுத்த வழக்கு 1988 இல் தோல்வியுற்றது. காப்புப்படி எடுத்தல் சட்டம் அனுமதித்த பயன்பாடாகலின் அத்தகைய நிரலை விற்பதும் குற்றமாகாது என்பது நீதிமன்றத்தின் முடிபு.

இப்பூட்டினால் மிகுதியும் இடர்ப்பட்டோர் யாவர்? விலைகொடுத்து வாங்கியோரே. 1983 இல் வெளிவந்த 'லோட்டஸ் 1-2-3' என்னும் கணக்கேட்டு நிரலைத் தொடங்க, வன்தட்டு உடையவரும் மூல நெகிழ்வட்டைக் கணினியிற் செருக வேண்டியிருந்தது. வட்டு பழுதுற்றால் வேலையும் நின்றது. களவாகப் படியெடுத்து வைத்திருந்தவனுக்கோ இத்தொல்லை இல்லை. இம்முரண்பாட்டை உணர்ந்த வணிக மென்பொருள் நிறுவனங்கள் பல, 1980களின் பிற்பகுதியில் வட்டுப்பூட்டைக் கைவிட்டன.

இக்காலத்தில் ஆசியாவில் நிகழ்ந்த ஒன்றும் குறிப்பிடத்தக்கது. பாகிஸ்தானின் லாகூர் நகரில் மருத்துவ மென்பொருள் விற்றுவந்த சகோதரர் இருவர், தம் நிரலைக் களவாகப் படியெடுப்போரை அறியும்பொருட்டு எழுதியதாகக் கூறிய சிறு நிரல், 1986 இல் 'பிறெயின்' என்னும் பெயரோடு வட்டுக்கு வட்டு தாவி உலகெங்கும் பரவிற்று. தனியாட் கணினிகளைப் பற்றிய முதல் வைரசுகளுள் ஒன்றாக அது எண்ணப்படுகின்றது. கள்வனைப் பிடிக்க விட்ட நாய் ஊராரைக் கடித்த கதையாக அது முடிந்தது.

எண்ணிலிட்ட பூட்டு

1990களில் இறுவட்டு வழக்கிற்கு வந்தபோது பூட்டு வட்டிலிருந்து எண்ணுக்கு மாறிற்று. 1995 ஓகஸ்ட் மாதத்தில் வெளிவந்த விண்டோஸ் 95 பணிசெயல் முறைமையை நிறுவுவோர் உறையிற் பொறித்த திறவுகோல் எண்ணைத் தட்டச்சிட வேண்டும். அவ்வெண்ணைச் சோதித்த முறை மிக எளியது. இறுதி ஏழு இலக்கங்களின் கூட்டுத்தொகை 7 ஆல் மீதியின்றி வகுபட்டாற் போதும். ஏழு ஒன்றுகளை வரிசையாக எழுதினும் அந்நிபந்தனை நிறைவேறும். பள்ளிச் சிறுவனும் அமைக்கத்தக்க இத்தகைய எண்களை வெளிவிடுவதற்கு ஆற்றல் வேண்டியதில்லை. விண்டோஸ் 98 இல் எண்ணும் எழுத்தும் கலந்த 25 குறிகளைக் கொண்ட திறவுகோல் வந்தது. புதியதோர் எண்ணைப் புனைதல் அதனாற் கடினமாயினும், உண்மையான ஓர் எண்ணை ஆயிரம் பேர் பகிர்ந்துகொள்வதை அது தடுக்கவில்லை. எண் எவருடையது என்பதை வட்டு அறியாது; கணினியும் அறியாது.

இயந்திரத்தோடு பிணைத்த பூட்டு

இக்குறையை நீக்கும்பொருட்டு மைக்ரோசொப்ட் நிறுவனம் வகுத்ததே 'அக்டிவேஷன்' என வழங்கும் உயிர்ப்பித்தல் முறையாகும். 2001 ஒக்டோபர் 25 ஆம் திகதி விற்பனைக்கு வந்த விண்டோஸ் எக்ஸ்பி, நிறுவிய 30 நாட்களுள் உயிர்ப்பிக்கப்படாவிடின் மேலும் பயன்தர மறுக்கும். கணினியின் செயலி, வன்தட்டு, நினைவகம் முதலிய பத்து இயல்புகளிலிருந்து சுருக்கக் குறியீடொன்று ஆக்கப்பட்டுத் திறவுகோல் எண்ணோடு பிணைக்கப்படும். இணையவழியாகவோ தொலைபேசிவழியாகவோ நிறுவனத்திடம் இசைவு பெறுதல் வேண்டும். தொலைபேசியில் 50 இலக்கங்களைச் சொல்லி 42 இலக்கங்களை மறுமொழியாகப் பெற்று எழுதுவது அக்காலத்துப் பயனாளரின் அனுபவம். உறுப்புகள் சில மாறினால் முறைமை பொறுத்துக்கொள்ளும். பல மாறினால் மீண்டும் இசைவு கேட்கும். தன் கணினியைத் தானே திருத்திக்கொள்ளும் உரிமையாளனும் அயலவனுக்கு விளக்கம் கூற வேண்டியவனானான்.

இப்பூட்டும் விற்பனைக்கு முன்னரே திறக்கப்பட்டது. அதுவும் பூட்டை உடைத்தன்று. நூற்றுக்கணக்கான கணினிகளை உடைய பெருநிறுவனங்கள் ஒவ்வொன்றையும் தனித்தனியே உயிர்ப்பிப்பது அரிதாகலின், அவற்றுக்கென உயிர்ப்பித்தல் வேண்டாத தொகுதிப் பதிப்பு ஒன்று வழங்கப்பட்டது. அப்பதிப்பும் அதற்குரிய எண்ணொன்றும் வெளியே கசிந்து இணையவழியே உலகெங்கும் பரவின. 2002 செப்டெம்பரில் வெளிவந்த முதலாவது சேவைத் தொகுப்பு அவ்வெண்ணை நிராகரித்தது. வேறு எண்கள் அதன் இடத்தைப் பிடித்தன. பெரிய வாடிக்கையாளருக்கெனத் திறந்துவைத்த பின்கதவே மற்றெல்லாருக்கும் தலைவாசலாயிற்று.

2006 நவம்பரில் நிறுவனங்களுக்கும் 2007 ஜனவரியில் பொதுமக்களுக்கும் வெளியான விண்டோஸ் விஸ்டா அப்பின்கதவை அடைக்க முயன்றது. பெருநிறுவனமும் தன்னகத்தே சேவையகமொன்றை வைத்துத் தன் கணினிகளை 180 நாட்களுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். கணினி உற்பத்தியாளர் தம் இயந்திரங்களின் தாய்ப்பலகையிலே முத்திரையொன்றைப் பொறித்து அனுப்பினர். அம்முத்திரை காணப்படின் தனி இசைவு வேண்டியதில்லை. பூட்டைத் திறப்போர் இவ்விரு வழிகளையுமே பின்பற்றினர்: சிலர் முத்திரையைப் போலியாக்கினர், சிலர் சேவையகத்தையே போலியாக்கினர். சலுகை எங்கு வைக்கப்பட்டதோ, அங்கேயே உடைப்பும் நிகழ்ந்தது.

தொலைவிலிருந்த பூட்டு

பூட்டு இயந்திரத்தோடு நில்லாமல் நிறுவனத்தின் சேவையகத்துக்கே சென்றது. 2005 ஜூலை முதல், கோப்புகளைப் பதிவிறக்குவோரின் விண்டோஸ் உண்மையானதா என்று சோதித்தல் கட்டாயமாயிற்று. பாதுகாப்புத் திருத்தங்கள் மட்டும் யாவர்க்கும் தொடர்ந்தன. 2007 ஓகஸ்டில் அச்சேவையகம் பழுதுற்றபோது, முறையாகப் பணம் கொடுத்து வாங்கிய சுமார் 12,000 கணினிகள் போலியென முத்திரை குத்தப்பட்டன. குற்றமற்றவர் ஏறத்தாழ 19 மணி நேரம் குற்றவாளியாயினர். 2008 ஒக்டோபரில், போலி விண்டோஸ் உள்ள கணினிகளின் திரைப்பின்னணியை மணிக்கொருமுறை கறுப்பாக்கும் நடவடிக்கை சீனாவில் நடைமுறைக்கு வந்தபோது பெருங் கண்டனம் எழுந்தது.

பூட்டைத் திறத்தலையே குற்றமாக்கும் சட்டமும் இதற்கிடையில் தோன்றியிருந்தது. 1996 இன் உலகப் புலமைச் சொத்து அமைப்பின் பதிப்புரிமை உடன்படிக்கையைத் தொடர்ந்து, 1998 ஒக்டோபரில் அமெரிக்கா இயற்றிய சட்டம், படியெடுத்தலை மட்டுமன்றிப் பூட்டைக் கடத்தலையும் அதற்குரிய கருவியை விற்றலையும் தடைசெய்தது. 1988 இல் நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட வாதம் பத்தாண்டுகளின் பின் வலுவிழந்தது.

களவின் ஊதியமும் ஊறும்

இனி, இக்களவினால் விற்போர் இழப்பையே அடைந்தனரா என்பதை ஆராய்தல் தகும். 1991 இல் கொனர், றுமெல்ற் என்னும் அறிஞர் இருவர், பயன்படுத்துவோர் பெருகப் பெருகப் பெறுமதி ஏறும் பண்டத்துக்குப் பூட்டிடாதிருப்பதே சிலவேளை விற்பவனுக்கும் நன்மை தரும் என எடுத்துக்காட்டினர். பலர் பயில்வதே பணிசெயல் முறைமையின் வலிமை; பலரும் பயிலும் முறைமைக்கே பிறர் நிரல் எழுதுவர். 1998 இல் வாஷிங்டன் பல்கலைக்கழகத்திற் பேசிய பில் கேற்ஸும், சீன மக்கள் திருடுவதாயின் தம் நிறுவனத்தின் மென்பொருளையே திருடட்டும் என்றும், பழகிய பின்னர் பணம் பெறும் வழியைக் காணலாம் என்றும் கருத்துப்படக் கூறினார். 1976 இல் மடல் எழுதியவரே இதனைக் கூறியமை சிந்திக்கத்தக்கது. 2007 இல் றுமேனிய சனாதிபதி பசெஸ்கு, களவு மென்பொருளே தம் நாட்டு இளைஞருக்குக் கணினியை அறிமுகம் செய்ததென அவர் முன்னிலையிலேயே கூறினார்.

ஆயினும் ஊறும் சிறிதன்று. உடைப்பு நிரலை எழுதியவர் யாவர் என்பது பயன்படுத்துவோனுக்குத் தெரியாது. அதனுள் ஒளிந்திருப்பது யாது என்பதும் தெரியாது. 2011 இல் மைக்ரோசொப்ட் ஆய்வாளர் சீன நகரங்களில் வாங்கிய 20 கணினிகளில் 4 கணினிகள், விற்பனையாகுமுன்னரே போலி விண்டோஸோடு தீங்குநிரலையும் ஏந்தியிருந்தன. சோதனைக்கு அஞ்சித் திருத்தங்களை நிறுத்திவைத்தோர் தம் வாயிலைத் தாமே திறந்துவைத்தோராயினர். உள்ளூரில் நிரல் எழுதுவோருக்கும் இழப்பு உண்டு: உலகின் முதன்மை மென்பொருளே இலவசமாகக் கிடைக்கும் சந்தையில் எளியோன் எழுதிய நிரலை விலைகொடுத்து வாங்குவோர் அரியர். மென்பொருள் நிறுவனங்களின் கூட்டமைப்பான பி.எஸ்.ஏ. 2018 இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி, 2017 இல் உலகில் நிறுவப்பட்ட மென்பொருளில் நூற்றுக்கு 37 பங்கும், இலங்கையில் நூற்றுக்கு 77 பங்கும் உரிமம் பெறாதவை. இம்மதிப்பீடு விற்போர் தரப்பினது என்பதை மனங்கொள்ளல் வேண்டும். எனினும் நிலைமையின் பருமனை அது உணர்த்தும்.

வரலாறு கூறும் முடிபு

இப்போர் பூட்டினால் முடியவில்லை. வாணிகம் மாறியமையாலேயே பெரிதும் தணிந்தது. 2015 ஜூலை 29 இல் வெளிவந்த விண்டோஸ் 10, முறையான விண்டோஸ் 7, 8.1 உடையோருக்கு ஓராண்டுக்கு இலவசமாக வழங்கப்பட்டது. உரிமம் கணினியின் அடையாளத்தோடு சேவையகத்திற் பதியப்பட்டமையால் பலர் திறவுகோல் எண்ணையே மறந்தனர். 2013 இல் அடொபி நிறுவனம் தன் புதிய பதிப்புகளைச் சந்தாவுக்கு மட்டுமே வழங்குவதாக அறிவித்தது. விற்பனை குடிக்கூலியாயிற்று. மறுபுறத்தில், 1983 இல் றிச்சட் ஸ்ரோல்மன் தொடங்கிய குனூ திட்டமும் 1991 இல் லைனஸ் ரோவால்ட்ஸ் வெளியிட்ட லினக்ஸும், படியெடுத்தலைக் களவாக்காது உரிமையாக்கின. ஹோம்புரூ கழகத்தின் பகிரும் நெறி அங்கே பிறர் சரக்கின்மீதன்றித் தம் உழைப்பின்மீது நிலைபெற்றது.

நாடாவிற் பூட்டில்லை, பின்னர் வட்டு, எண், இயந்திரம், சேவையகம் எனப் பூட்டு படிப்படியாக வாங்குவோனின் கையைவிட்டு அகன்றது. அது அகன்ற ஒவ்வொரு படியிலும், பணம் கொடுத்தவன் தான் வாங்கிய பொருளின்மீது கொண்டிருந்த உடைமை ஒரு பங்கு குறைந்தது. கொடாதவனோ ஏதாவதொரு வழியை எப்போதும் கண்டான். இதனாற் களவு நியாயமாகிவிடாது. 1976 ஆம் ஆண்டின் மடல் எழுப்பிய கூலி வினா நேர்மையானதே. உழைத்தவனுக்கு ஊதியமில்லையெனின் அடுத்த நிரல் எழுதப்படாது. ஆனால், அவ்வூதியத்தை ஈட்டித் தந்தவை நியாயமான விலையும், நம்பிக்கைக்குரிய சேவையும், விரும்பிக் கொடுக்கும் பகிர்வுமே. நேர்மையாளனை ஐயுறும் பூட்டு நேர்மையை வளர்ப்பதில்லை. அதே வேளை, இலவசமாகவும் நேர்வழியிலும் பெறத்தக்க மென்பொருள் கைக்கெட்டும் தூரத்திலிருக்க, உடைத்த பூட்டின்வழி நுழைவோருக்கு வறுமையைக் காரணங்காட்டும் வாயிலும் ஏறக்குறைய அடைபட்டுவிட்டது. கணினி கற்கும் தலைமுறை இவ்விரண்டு உண்மைகளையும் ஒருங்கே அறிதல் இன்றியமையாததாகும்.